புதுப்பிப்பு: வீட்டில் செய்த சோப்புத்தூளால் வந்த வெள்ளைப் படிவு போய்விட்டது

பார் சோப்பைத் துருவிச் சலவை சோடா கலந்த தூளில் துவைத்தால் கறுப்புத் துணியில் வெள்ளையாகப் படிகிறது என்று போன மாதம் கேட்டிருந்தேன். பதில் சொன்ன எல்லோருக்கும் ரொம்ப நன்றி.

காரணம், தண்டையார்பேட்டையில் எங்கள் வீட்டு போர் தண்ணீர். அதிலுள்ள கால்சியம் பட்டதும் சோப்பு பால் மாதிரி திரிந்துவிடுகிறது. சோடாவைக் கூட்டிப் பார்த்தேன், போதவில்லை. கைகொடுத்தது, சோப்புத்தூளுக்குப் பதில் பூந்திக்கொட்டைச் சாற்றில் துவைக்கும் யோசனைதான். அது இந்த மாதிரி கால்சியம் உள்ள தண்ணீரில் திரிவதில்லை. பத்துக் கொட்டையை விதை நீக்கி, ஒரு லிட்டர் தண்ணீரில் இரவு ஊறவைத்து, காலையில் கொதிக்கவிட்டுக் கசக்கி வடிகட்டினேன். பழைய படிவுக்கு வினிகர் கலந்த வெந்நீர். இப்போது என் கறுப்புச் சுடிதாரின் தையல் மடிப்பில்கூட வெள்ளைக் கோடு இல்லை.

எதிர்பாராதது: சாறு மூன்றாம் நாளே புளித்து நாறியது. சரி என்று ஃப்ரிட்ஜில் வைக்கிறேன். காலர் அழுக்குக்கு மட்டும் இன்னும் பார் சோப்புதான்.