மன்னார்குடி ராஜேஷ்: ஒரே ஒரு படம் திரையிடுவதென்றால் எது?

மன்னை வாசகர்:
நண்பர்களுக்கு வணக்கம். சம்பா அறுவடை முடிந்ததும் எங்கள் வாசகர் வட்டத்தில், 2025 மே 29 அன்று மறைந்த நடிகர் ராஜேஷின் நினைவாக ஒரு படத்தைத் திரையிட எண்ணியிருக்கிறோம். 1949இல் எங்கள் ஊரில் பிறந்து, சென்னையில் பள்ளி ஆசிரியராகப் பணியாற்றி, 1979இல் ‘கன்னிப் பருவத்திலே’ படத்தின் கதாநாயகனானவர் அவர். ஆனால் இன்றைய பிள்ளைகள் அவரை அப்பா வேடங்களிலும் சின்னத்திரைத் தொடர்களிலும் மட்டுமே பார்த்திருக்கிறார்கள். அவர்களுக்கு எதைக் காட்டலாம்?

குடந்தை ரசிகை:
‘அந்த 7 நாட்கள்’ (1981) படத்தைக் காட்டுங்கள், ஐயா. பாக்யராஜின் பாலக்காட்டு மாதவனைத்தான் எல்லோரும் நினைவில் வைத்திருக்கிறார்கள்; எனக்கோ அந்தக் கதையைத் தாங்குபவர் டாக்டர் ஆனந்தாக வரும் ராஜேஷ்தான். முதலிரவிலேயே உயிரைவிடத் துணிந்த மனைவியைக் காப்பாற்றி, அவள் தன் பழைய காதலைச் சொல்லி முடிக்கும்வரை கேட்டிருந்து, நோயுற்ற தாய்க்காக ஒரு வாரம் பொறுத்திருக்கும்படி வேண்டி, பிறகு காதலனிடமே சேர்த்துவிடுவதாக வாக்களிக்கும் கணவர் அவர். குரலைச் சற்று உயர்த்தியிருந்தால் அந்த வேடம் தியாகியாகியிருக்கும். சற்றுத் தழைத்திருந்தால் ஏமாளியாகியிருக்கும். ராஜேஷோ, நோயாளி சொல்வதைக் கேட்கும் மருத்துவரைப் போலவே அவள் சொல்வதைக் கேட்கிறார். எதிரில் இருப்பவர் பேசும்போது நடிப்பது எவ்வளவு கடினம் என்பது எங்கள் ஊர்க் கோயில் திருவிழா நாடகங்களில் வேடமிட்ட எனக்குத் தெரியும்.

திருவாரூர்க்காரன்:
அம்மா சொல்வது சரி, ஆயினும் என் தேர்வு ‘அச்சமில்லை அச்சமில்லை’ (1984). கொள்கை பேசி வந்த உலகநாதன் பதவி ருசி கண்டு கெட்டுப்போவதை, முதல் காட்சியிலேயே வில்லன் சாயல் காட்டிவிடாமல், படிப்படியாக அவர் கொண்டுபோகிறார். முதல் பாதியின் நேர்மையை நாம் நம்பினால்தான் சரிதாவின் தேன்மொழி படும் வேதனை நமக்கு உறைக்கும். ‘அவள் ஒரு தொடர்கதை’யில் (1974) ராஜேஷுக்குச் சிறு வேடம் தந்த கே. பாலசந்தரே இந்தப் படத்தையும் இயக்கினார். அவர் நன்னிலத்துக்காரர் என்பதையும் திரையிடலின்போது சொல்லுங்கள்.

மன்னை வாசகர்:
இருவருக்கும் நன்றி. குடந்தை அம்மா சொன்ன படத்தையே திரையிடுகிறோம். அப்பாவாக மட்டும் பார்த்த முகத்தை அதே நிதானத்தோடு இளமையில் பார்ப்பது பிள்ளைகளுக்கு நல்ல தொடக்கமாக இருக்கும். உலகநாதனை அடுத்த மாதம் காட்டுகிறோம்.