சமச்சீர் சொல்லித்தரக் கோலங்கள் வேண்டும்

வணக்கம். சிங்கப்பூர் உட்லண்ட்ஸில் அக்கம்பக்கத்துப் பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லித் தருகிறேன். தொடக்கநிலை 4இல் சமச்சீர் வருகிறது. மடித்தால் பொருந்த வேண்டும் என்பதோடு நிறுத்த எனக்கு மனமில்லை. சாதாரண இணைகரத்தை எப்படி மடித்தாலும் பொருந்தாது. அரைச்சுற்று திருப்பினால் அப்படியே பொருந்தும். ஹிருதய கமலக் கோலமும் இந்த வகைதான், எத்தனை அழகு!

தேக்கா பக்கம் கோலம் போடும் அக்காமார் யாராவது, இப்படிச் சுற்றினால் மட்டும் பொருந்தும் புள்ளிக் கோலங்களைப் படம் எடுத்து அனுப்ப முடியுமா? புள்ளிக் கணக்கும் சொன்னால் பிள்ளைகளே போட்டுப் பார்ப்பார்கள்.

அப்புறம், கணினித் துறையில் இருப்பவர்களிடம் ஒன்று. தகவலைப் பிறர் படிக்க முடியாதபடி மாற்றிவைக்கும் முறைகளில் ஒன்று ஏஇஎஸ் (AES) மறையாக்கம். பூட்டவும் திறக்கவும் ஒரே சாவி என்பதால் அதைச் சமச்சீர் வகை என்கிறார்கள். பத்து வயதுப் பிள்ளைக்கு இதைக் காகிதத்தில் செய்துகாட்ட எளிய விளையாட்டு ஏதும் தெரியுமா?