காசிமேடு, எண்ணூர்த் தண்ணீரில் டின்டினிட் பார்த்தவர்கள் எழுதுங்கள்

வங்கக்கரை:
திருவொற்றியூர்க்காரி நான். கல்லூரி ஆய்வகத்தில் கடல் மிதவை உயிரிகளைப் பார்த்து எண்ணுவது என் வேலை. கடல் தண்ணீரை நுண்ணோக்கியில் பார்க்கிறவர்கள் டயட்டம் (ஒரு செல் பாசி) படம் போடுகிறார்கள், கோபிபாட் (இறால் இனத்தைச் சேர்ந்த சிற்றுயிர்) படம் போடுகிறார்கள். இரண்டுக்கும் நடுவில் இருக்கிற டின்டினிட்டைக் கண்டுகொள்வாரில்லை. எனக்கு இது நெடுநாள் மனக்குறை. பார்த்தவர்கள் எழுதுங்கள், நானே ஆரம்பித்து வைக்கிறேன்.

டின்டினிட் ஒரே ஒரு செல்தான். பாராமீசியத்துக்குத் தூரத்துச் சொந்தம். பாராமீசியம் வெறும் உடம்போடு திரியும். இது தன்னைச் சுற்றித் தானே ஒரு கூடு சுரந்து கட்டிக்கொள்ளும். அந்தக் கூட்டுக்கு லோரிகா என்று பெயர். மணி, குழாய், ஜாடி என இனத்துக்கு ஒரு வடிவம். நீளம் பெரும்பாலும் 20 முதல் 200 மைக்ரானுக்குள் (ஒரு மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்குதான் மைக்ரான்) அடங்கிவிடும். கோபிபாட் பிடிக்கிற 200 மைக்ரான் வலையைப் போட்டால் எல்லாம் வழிந்து போய்விடும். 20 மைக்ரான் வலைத்துணி வேண்டும்.

பொங்கல் கழிந்து கடல் அடங்கியிருந்த ஒரு காலையில், காசிமேட்டுக்கு வடக்கே, கடலரிப்பைத் தடுக்கக் கல் கொட்டிய தூண்டில் வளைவுப் பக்கம் எடுத்த தண்ணீர். உயிரோடு பார்க்க வேண்டும் என்பதால் பதப்படுத்தும் மருந்து எதுவும் ஊற்றாமல் நேராக ஸ்லைடில் ஒரு சொட்டு வைத்தேன். ஃபாவெல்லா என்ற டின்டினிட் ஒன்று வந்தது. ஒளி ஊடுருவும் கூடு, அடியில் கூரான முனை. வாயைச் சுற்றியிருக்கும் குற்றிழைகள் (மயிர் போன்ற நுண் இழைகள்) சுழல, திருகித் திருகி முன்னே போனது. வழியில் ஒரு மணல் துணுக்கில் இடித்தது. இடித்ததுதான் தாமதம், உடம்பு மொத்தமும் கூட்டின் அடிக்குள் சுருண்டுவிட்டது. கூட்டோடு அதைப் பிணைத்திருந்த மெல்லிய காம்பு அப்போதுதான் தெளிவாகத் தெரிந்தது. நகராமல் கிடந்துவிட்டு, பிறகு மெதுவாகக் குற்றிழைகளை வெளியே நீட்டி மறுபடி கிளம்பியது. வயிற்றுப் பக்கம் பழுப்பாக, டைனோஃப்ளாஜெல்லேட் என்ற ஒரு செல் மிதவை உயிரி. ஃபாவெல்லாவுக்கு அதுதான் இஷ்டமான இரை. கடலைச் சிவக்க வைக்கிற நச்சு இனங்களைக்கூட அது விட்டுவைக்காது.

கூட்டின் வாய் அகலத்தைப் பார்த்தால் அது என்ன தின்னும் என்று ஓரளவு சொல்லிவிடலாம். வாய் விட்டத்தில் சுமார் கால் பங்கு அளவுள்ள இரைதான் அதற்குத் தோதானது. பாதி விட்டத்துக்கு மேல் போனால் விழுங்க முடியாது.

தண்டையார்பேட்டை டீச்சர்:
எங்கள் பள்ளிக்குக் கல்லூரியிலிருந்து ஃபார்மலினில் போட்ட மாதிரி ஒன்று கொடுத்தார்கள். பிள்ளைகள் வரிசையாக நின்று பார்த்தார்கள். கூடு நிறைய இருந்தது, ஆனால் முக்கால்வாசி காலி. "மிஸ், எல்லாம் செத்துப்போச்சா? நம்ம கடல் அவ்ளோ மோசமா?" என்று ஒரு பையன் கேட்டான். அந்தக் கேள்வியை அப்படியே இங்கே வைக்கிறேன். அவனுக்குச் சரியான பதில் சொல்ல வேண்டும்.

வங்கக்கரை:
டீச்சர், அந்தப் பையனிடம் சொல்லுங்கள்: காலிக் கூட்டை வைத்துக் கடலுக்குத் தீர்ப்பு எழுத முடியாது. மருந்து பட்டதும் பல டின்டினிட்டுகள் காம்பை விட்டுக் கூட்டிலிருந்து வெளியேறிவிடும். வலையில் இழுபடும்போதும் அப்படித்தான். உயிர் கரைந்து போக, கூடு மட்டும் மிஞ்சும். அதனால் தண்ணீரை வலையில் வடிக்காமல் அப்படியே பாட்டிலில் எடுத்து லூகால் அயோடின் என்ற பதப்படுத்தும் கரைசல் சேர்த்து, அடியில் படியவிட்டுப் பார்ப்பது நல்லது. செல் பழுப்பு நிறம் ஏறித் தெரியும். உண்மையிலேயே காலியான கூடுகளும் உண்டுதான், அவை எங்கிருந்தோ நீரோட்டத்தில் வந்து சேர்ந்தவையாகவும் இருக்கலாம்.

இன்னொன்றும் பிள்ளைகளுக்குச் சொல்லலாம். 1929இல் கோஃபாய்டும் கேம்ப்பெல்லும் உலக டின்டினிட்டுகளைத் தொகுத்தபோது இனங்களைப் பிரித்தது கூட்டின் வடிவத்தை வைத்துத்தான். 1977இல் பிரான்சில் லவால்-பியூட்டோ, கூட்டை இழந்த ஒரு ஃபாவெல்லா திரும்பக் கட்டிய கூடு காக்ஸ்லியெல்லா என்ற வேறொரு பேரினத்தின் கூடு போலவே இருந்ததைக் காட்டினார். ஒரே உயிருக்கு இரண்டு பேரினப் பெயர்! கூட்டைப் பார்த்த மாத்திரத்தில் பெயர் எழுதும்போது நம் கை கொஞ்சம் தயங்கத்தான் வேண்டும்.

காசிமேட்டுக்காரன்:
அக்கா, எங்க நைனா விசைப்படகுல போனவரு. நான் படிச்சது பி.எஸ்சி. விலங்கியல், இப்போ ஏலக்கூடத்துல கணக்கு எழுதுறேன். தண்ணி நிறத்தப் பாத்து நெத்திலி, கவலை எங்க கூடும்னு நைனா சொல்வாரு. மழை தண்ணி ஆத்துல எறங்கி, கலங்கல் கொஞ்சம் தெளிஞ்சு, பச்சை ஏறுற நேரம்தான் அவரு கணக்கு. "பாசி புடிச்சா பின்னாடியே மீனு வரும்"பாரு. பாசிய நேரா மீனு தின்னுதுன்னுதான் நாங்கல்லாம் நெனச்சிட்டிருந்தோம். காலேஜ்ல எங்க மேடம் நெத்திலிக் குஞ்சு ஒன்ன ஸ்லைடுல வச்சி காட்டுனாங்க. ஒடம்பு தெளிவா இருக்கும், குடலு மட்டும் ஒரு கோடு. அந்தக் கோட்டுக்குள்ள குட்டிக் குட்டியா மணி வடிவத்துல அடுக்கியிருந்துச்சு. அன்னிக்கித்தான் டின்டினிட்டுன்ற பேரே எனக்குத் தெரியும். வீட்டுல போய் நைனாகிட்ட சொன்னேன். பொறுமையா கேட்டுட்டு, "அப்போ பாசிக்கும் மீனுக்கும் நடுவுல ஒரு ஆளு இருக்கான்"னாரு. கரெக்ட்டா புடிச்சிட்டாரு.

நடுக்கடல்:
தம்பி, உங்கள் அப்பா சொன்னதைத்தான் நாங்கள் பக்கம் பக்கமாக எழுதுகிறோம். மீன் குஞ்சுகளின் இரையைப் பற்றி ஆய்வு செய்தவன் என்ற முறையில் சிலது சேர்க்கிறேன்.

கடலில் நடக்கிற ஒளிச்சேர்க்கையில் பெரும் பங்கு சில மைக்ரானே உள்ள செல்களுடையது. கோபிபாட்டுக்கு அவை மிகச் சிறியவை, அள்ளி எடுக்கத் தோதுப்படாது. டின்டினிட் போன்ற நுண் விலங்கு மிதவைகள் அவற்றைத் தின்று கொஞ்சம் பெரிய இரையாக மாறி நிற்கின்றன. அந்த இரையைக் கோபிபாட்டும் மீன் குஞ்சும் பிடிக்கும். லாண்ட்ரியும் ஹாசெட்டும் 1982இல் கொண்டுவந்த நீர்த்தல் முறைப்படி (கடல் தண்ணீரை வடிகட்டிய கடல் தண்ணீரால் நீர்க்கவிட்டு, எவ்வளவு தின்னப்படுகிறது என்று அளப்பது) உலகெங்கும் அளந்து பார்த்ததில், ஒரு நாளில் விளைகிற தாவர மிதவையில் சராசரியாக 60 முதல் 75 சதவீதத்தை நுண் விலங்கு மிதவைகளே தின்றுவிடுகின்றன. கோபிபாட்டின் பங்கு அதைவிடக் குறைவு.

ஆனால் அந்த முழுப் பெருமையையும் டின்டினிட்டுக்குக் கொடுத்துவிடக் கூடாது. கூடில்லாத குற்றிழை உயிரிகள்தான் பெரும்பாலும் எண்ணிக்கையில் அதிகம். குஞ்சின் குடலில் அவை சீக்கிரம் செரித்துத் தடமில்லாமல் போய்விடும். டின்டினிட்டின் கூடு செரிக்காமல் நிற்கும். தம்பி பார்த்த மணி வரிசைக்குப் பின்னால் கண்ணுக்குத் தெரியாத வேறு இரையும் இருந்திருக்கும். குடலைத் திறந்து எண்ணுகிறவர்கள் இதை மறந்துவிட்டால் கணக்கு ஒரு பக்கமாகச் சாய்ந்துவிடும்.

எண்ணூர் முகத்துவாரம்:
கொசஸ்தலை ஆறு கடலில் சேருகிற இடத்தில் எங்கள் வீடு. என் தம்பி வைத்திருந்த பழைய நுண்ணோக்கியில் முகத்துவாரத் தண்ணீரைப் பார்ப்பேன். இங்கே டின்டினாப்சிஸ் என்ற டின்டினிட்தான் அதிகம். அது கூட்டின் மேல் தண்ணீரில் கிடைக்கிற துகளை எல்லாம் ஒட்டிக்கொள்ளும்: மணல் துணுக்கு, டயட்டம் ஓடு, எது அகப்படுகிறதோ அது. சட்டையில் சிக்கின்ற ஒட்டுப்புல் மாதிரி தானாக ஒட்டியது என்றுதான் முதலில் தோன்றும். ஆனால் அடுக்கியிருக்கிற ஒழுங்கைப் பார்த்தால் அப்படிச் சொல்ல மனம் வராது.

40 எக்ஸ் லென்ஸில் ஒரு கூட்டைக் கவனித்தபோது, மூலை மூலையான மணல் துணுக்குகளுக்கு இடையே உருண்டையான, பளபளக்கிற மணிகள் சில. ஒன்றின் உள்ளே ஒரு குமிழி. ஆற்று மணல் இப்படி இருக்காது. எங்கள் பக்கம் ஆற்றில் அனல்மின் நிலையச் சாம்பல் படிந்து கிடக்கிறதை ஊரே அறியும். நண்டும் மடவையும் குறைந்ததைப் பற்றிப் பேசிப் பேசி எங்களுக்கு அலுத்துவிட்டது. அந்தச் சாம்பல் ஒரு செல் உயிரியின் வீட்டுச் சுவர்வரை வந்துவிட்டதோ என்று நினைத்தபோது வயிறு கலங்கியது. படம் எடுத்து வைத்திருக்கிறேன்.

வங்கக்கரை:
அக்கா, படத்தை அவசியம் போடுங்கள். நிலக்கரி எரியும்போது அதிலுள்ள கனிமங்கள் உருகித் துளியாகி, காற்றிலேயே ஆறி இறுகுவதால்தான் பறக்கும் சாம்பலில் உருண்டை மணிகள் வருகின்றன. உள்ளே குமிழி இருப்பதும் அதற்கு ஒத்துப்போகிறது. இருந்தாலும் ஒளி நுண்ணோக்கிப் படம் மட்டும் போதாது. மின்னணு நுண்ணோக்கியில் வைத்து, மணியின் வேதிச் சேர்மானத்தையும் பார்த்துவிட்டால் யாரும் மறுக்க முடியாது. அலுமினியமும் சிலிக்கனும் கலந்த கண்ணாடி உருண்டை என்றால் சாம்பல். வெறும் சிலிக்கா என்றால் மணல். இதில் அவசரப்பட்டுப் பேசினால் உங்கள் ஊர் வழக்கமாகச் சொல்லிவரும் நியாயத்தைத்தான் எதிராளி உதறித் தள்ளுவார்.

ஒப்பிட்டுப் பார்க்காமலும் முடியாது. முகத்துவாரத்தில் எடுக்கிற அதே வாரத்தில், ஏற்றம் முடிந்து வற்றம் தொடங்கும் அதே நேரத்தில், பழவேற்காட்டிலும் ஒரு பாட்டில் எடுக்க வேண்டும். காசிமேட்டுத் தம்பி தூண்டில் வளைவில் ஒன்று எடுத்தால் மூன்று இடமாகிவிடும். பழுப்பு நிறக் கண்ணாடி பாட்டில், ஒரு லிட்டர், வலை வேண்டாம். எடுத்த உடனே லூகால் சேர்த்து, இடமும் நேரமும் தண்ணீரின் உப்பும் பாட்டில் மேலேயே எழுதிவிடுங்கள். வெயில் படாமல் வைத்து என்னிடம் சேர்ப்பித்தால் போதும். டின்டினாப்சிஸ் கூடுகளைத் தனித்தனியாக எடுத்துக் கழுவி மின்னணு நுண்ணோக்கியில் ஏற்றுவது என் பொறுப்பு. டீச்சர், எண்ணும்போது உங்கள் பையனையும் கூட்டிக்கொண்டு வாருங்கள்.

காசிமேட்டுக்காரன்:
அக்கா, ஞாயித்துக்கெழம வற்றம் காலைல. பாட்டில நானே வாங்கிட்டு வந்துடுறேன், லூகால் மட்டும் குடுங்க.