கண்டி டவுனில் கம் முகரும் பொடியன்கள், யாரிடம் சொல்வது?

தேயிலைக்காடு:
வேலை முடிந்து ஹட்டன் பஸ் பிடிக்க கண்டி மார்க்கெட் பக்கமாகத்தான் வருவேன். அங்கே இரண்டு மூன்று பொடியன்கள், மூத்தவனுக்கே 13 வயது இருந்தால் அதிகம், ஷொப்பிங் பேக்கை வாயில் வைத்து ஊதி ஊதி இழுத்துக்கொண்டு இருக்கிறார்கள். செருப்பு ஒட்டுகிற கம். ஒருத்தன் நம்ம தமிழ்தான், எந்தத் தோட்டம் என்று கேட்டால் சிரிப்பான், சொல்ல மாட்டான். காசு கொடுத்தால் கம் வாங்குவான், கொடுக்காமல் போகவும் மனசு வரவில்லை. பொலிஸுக்குச் சொல்லலாமா, அடிப்பார்களா?

பதுளை மச்சான்:
காசு வேண்டாம். ரொட்டியும் பிளேன்டீயும் வாங்கி, பக்கத்தில் நின்று சாப்பிட வையுங்கள். பார்சலாகக் கொடுத்தால் பெரியவன் எவனாவது பிடுங்கிக்கொள்வான். கம்மை முகர்ந்தால் பசி தெரியாது, குளிர் தெரியாது, கடை வாசலில் படுக்கிற பிள்ளைக்கு வேறென்ன வேண்டும் சொல்லுங்கள்.

கண்டிவாசி:
சாப்பாடு கொடுத்தால் அங்கேயே பழகிவிடுவார்கள். பையைப் பிடுங்கி நாலு தட்டு தட்டினால் சரியாகும்.

நேர்ஸ் அக்கா:
தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். முகர்ந்திருக்கிற நேரத்தில் திடீரென்று பயந்தாலோ ஓடினாலோ இதயத்துடிப்பு தாறுமாறாகி அந்த இடத்திலேயே உயிர் போகலாம், முதல் தடவை முகர்ந்த பிள்ளைக்குக்கூட. மயங்கிக் கிடந்தால் ஒருக்களித்துப் படுக்கவைத்து 1990 அம்புலன்ஸுக்கு அடியுங்கள். பக்கத்தில் யாரும் சிகரெட் பற்றவைக்க வேண்டாம், அந்த ஆவி தீப்பிடிக்கும்.

தேயிலைக்காடு:
நன்றி அக்கா. அப்போ யாருக்குத்தான் சொல்வது?

தலவாக்கலை டீச்சர்:
1929 நம்பர், தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகாரசபை. எந்த நேரமும் அடிக்கலாம், தமிழில் பேசலாம், காசு போகாது. முறைப்பாட்டு இலக்கத்தைக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள், பிறகு விசாரிக்க அதுதான் உதவும். பிரதேச செயலகத்தில் சிறுவர் உரிமை மேம்பாட்டு உத்தியோகத்தர் இருப்பார், அவரையும் போய்ப் பாருங்கள். ஆனால் வீட்டில் சேர்த்துவிட்டோம் என்பதோடு நிறுத்த விடாதீர்கள். எனக்குத் தெரிந்த பிள்ளை ஒருத்தனை அப்படித்தான் தோட்டத்து லய வீட்டில் கொண்டுவந்து விட்டார்கள். அம்மா வெளிநாட்டில், அப்பா பொழுதுக்கும் தண்ணியில், பாட்டி விடிந்தால் கொழுந்து பறிக்கப் போய்விடும், அவனைப் பார்க்க யார் இருக்கிறார்கள்? கிழமை முடிவதற்குள் மறுபடி பஸ் ஏறிவிட்டான். 16 வயது வரை ஸ்கூல் கட்டாயம் என்று சட்டம் இருக்கிறது, அதைச் சொல்லி ஸ்கூலில் சேர்க்கவும் கேளுங்கள்.

தேயிலைக்காடு:
சரி டீச்சர், இன்றைக்கே அடிக்கிறேன். எந்தக் கடையில் அவர்களுக்குக் கம் விற்கிறார்கள் என்பதையும் சொல்லலாம்தானே?

தலவாக்கலை டீச்சர்:
கட்டாயம் சொல்லுங்கள். எத்தனை மணிக்கு எந்த இடத்தில் இருப்பார்கள் என்பதையும் சேர்த்து.