டாகிள் பொத்தானுக்குத் தமிழில் என்ன எழுதுவது? மோட்டார் ஸ்டார்ட்டர் தாளுக்கு உதவி வேண்டும்

வாடிப்பட்டி வாசகி

எல்லோருக்கும் வணக்கம். விவசாய மோட்டாருக்கு மொபைல் ஸ்டார்ட்டர் பெட்டி சேர்த்துக் கொடுக்கும் ஒரு சின்னப் பட்டறையில் வேலை பார்க்கிறேன். பெட்டியோடு தரும் ஒரு பக்கத் தாளைத் தமிழில் எழுதும் பொறுப்பு என்னிடம் வந்திருக்கிறது. ஒரே ஒரு பொத்தானில் வந்து நிற்கிறேன்.

பெட்டி ஆட்டோவில் இருந்தால் த்ரீ ஃபேஸ் கரண்ட் வந்ததும் மோட்டார் தானாக ஓடும். மேனுவலில் இருந்தால் யாராவது பொத்தானை அமுக்க வேண்டும், அல்லது போனில் கூப்பிட வேண்டும். இந்த இரண்டுக்கும் நடுவே மாற ஒரே பொத்தான், பக்கத்தில் ஒரே விளக்கு. ஆங்கிலத் தாளில் அந்த இடத்தில் டாகிள் என்ற சொல் இருக்கிறது. பெட்டியின் மேல் இப்போது ஒட்டியிருக்கும் தமிழ் ஸ்டிக்கர், "ஆட்டோவுக்கு மாற்று".

குருவித்துறைப் பக்கம் கொடிக்கால் வைத்திருக்கும் ஒருவர், பெட்டி ஏற்கெனவே ஆட்டோவில் இருந்தபோது, உறுதி செய்துகொள்ளலாம் என்று அந்தப் பொத்தானை அமுக்கியிருக்கிறார். அது மேனுவலுக்குப் போய்விட்டது. ராத்திரி கரண்ட் வந்தும் மோட்டார் ஓடவில்லை, வெற்றிலைக்குத் தண்ணீர் பாயவில்லை. அலங்காநல்லூர்க்காரர் ஒருவர் அதே ஸ்டிக்கரை வேறு மாதிரிப் படித்தார். "ஆட்டோவுக்கு மாற்று என்றால் ஆட்டோவுக்குப் பதிலாக இருப்பதுதானே? அப்போ மேனுவல்தானே?" என்று கேட்டார். இருவர் படித்ததிலும் தப்பு சொல்ல முடியவில்லை.

டாகிளுக்கு நல்ல தமிழ்ச் சொல் எது? சுவிட்ச், செலக்டர், சேஞ்ச் ஓவர் இவற்றிலிருந்து அது எப்படி வேறுபடுகிறது? வயலில் நின்று படிப்பவருக்கு எப்படி எழுதினால் விளங்கும்?

திருமங்கலம் தம்பி

நிலைமாற்றி என்று போடுங்கள் அக்கா. கணினித் தமிழில் டாகிளுக்கு அப்படி எழுதிப் பார்த்திருக்கிறேன். வினையாக வேண்டுமானால் நிலைமாற்று.

வாடிப்பட்டி வாசகி

நன்றி தம்பி. நானும் அதைத்தான் முதலில் எழுதினேன். பட்டறைக்கு வந்த இரண்டு பேரிடம் காட்டினேன். "எந்த நிலையிலிருந்து எந்த நிலைக்கு?" என்று இருவருமே கேட்டார்கள். சொல் நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் பொத்தானை அமுக்கப்போகிறவருக்கு அது போதவில்லை.

மேலூர் தமிழாசிரியர்

அம்மா, அலங்காநல்லூர்க்காரர் படித்ததில் பிழையே இல்லை. மாற்று என்பது ஏவல் வினையாகவும் வரும், பெயராகவும் வரும். மாற்று வழி, மாற்றுத் துணி என்கிறோம். நான்காம் வேற்றுமையோடு சேர்த்து "பிளாஸ்டிக்குக்கு மாற்று" என்று எழுதினால் பிளாஸ்டிக்கை விட்டு வேறொன்று என்றுதான் பொருள். "ஆட்டோவுக்கு மாற்று" அதே அமைப்பில் நிற்கிறது. பேசும்போது "ஆட்டோவுக்கு மாத்து" என்று சொன்னால் குழப்பம் வராது, மாத்து அங்கே வினையாகத்தான் கேட்கும். அச்சில் அந்த உதவி கிடையாது.

"மாற்றவும்" என்று போட்டால் இந்தக் குழப்பம் தீரும், அது வினை மட்டுமே. ஆனால் குருவித்துறைக்காரரின் சங்கடம் அதனால் தீராது.

இன்னொன்று. மாறு தன்வினை, மாற்று பிறவினை. தாளில் "ஆட்டோவுக்கு மாறும்" என்று எழுதினால் பெட்டி தானாக மாறிக்கொள்ளும் என்று தோன்றும். ஆள் கை வைக்க வேண்டிய இடத்தில் எல்லாம் பிறவினையே வரட்டும். பெட்டி தானாகச் செய்வதற்கு மட்டும் தன்வினை. "பொத்தானை அமுக்கினால் விளக்கு மாறும்" என்பது சரி. "மேனுவலுக்கு மாறவும்" என்று எழுதினால் படிக்கிற மனிதரையே மாறச் சொன்னதாகிவிடும். இப்போது எத்தனையோ அறிவிப்புகளில் இந்த வேறுபாட்டைக் கவனிக்காமல் எழுதுகிறார்கள், பார்க்க வருத்தமாக இருக்கிறது.

உசிலம்பட்டி எலக்ட்ரீசியன்

மோட்டார் போர்டு வேலையே என் பிழைப்பு. சொல்லுக்கு முன்னால் பொருளைச் சொல்லிவிடுகிறேன்.

டாகிள் என்ற ஆங்கிலச் சொல் மின்சாரத்துக்கு முந்தியது. கப்பலில் கயிற்றின் கண்ணிக்குள் குறுக்கே செருகும் கட்டைக்கு அந்தப் பெயர் இருந்தது. குளிர்நாட்டுக் கோட்டுகளில் பொத்தானுக்குப் பதிலாக வரும் கட்டைக்கும் அதே பெயர். பிறகு, மேலும் கீழும் தள்ளும் சின்னக் கைப்பிடி வைத்த சுவிட்சை டாகிள் சுவிட்ச் என்றார்கள். அந்தக் கைப்பிடி நடுவில் நிற்காது, உள்ளே இருக்கும் வில் பட்டென்று ஒரு பக்கமாகத் தள்ளிவிடும். அப்படித் தள்ளுவதற்குக் காரணம் உண்டு. தொடுமுனை மெதுவாகப் பிரிந்தால் இடையில் தீப்பொறி நின்று முனையைத் தின்றுவிடும். 1884-இல் இங்கிலாந்தின் நியூகாசிலில் ஜான் ஹென்றி ஹோம்ஸ் என்பவர் வேகமாகப் பிரியும் சுவிட்சைச் செய்தது இதற்காகத்தான்.

அங்கிருந்து கம்ப்யூட்டருக்குப் போனபோது சொல்லின் பொருள் நகர்ந்தது. கைப்பிடி போய்விட்டது. இரண்டு நிலை, ஒரு செயல், ஒவ்வொரு முறையும் இருப்பதற்கு எதிரானது வரும், இவ்வளவுதான் இப்போது டாகிள். உங்கள் பொத்தான் இந்த வகை.

சுவிட்ச் என்பது பொதுப்பெயர். செலக்டர் என்றால் திருகு. அது நிற்கும் திசையைப் பார்த்தாலே நிலை தெரியும், மூன்று நான்கு நிலைகூட வைக்கலாம். சேஞ்ச் ஓவர் என்றால் இரண்டு கரண்டில் எதை எடுப்பது என்பது, இ.பி.யா ஜெனரேட்டரா என்கிற மாதிரி. அதில் நடுவில் ஆஃப் உண்டு, ஒன்றை விட்ட பிறகுதான் இன்னொன்றைத் தொடும். ஃபேன் ரெகுலேட்டர் இதில் எதுவும் இல்லை, அதை டாகிள் என்று யாரும் சொல்வதில்லை. ஒரே பொத்தானில் மூன்று வேகம் சுற்றிச் சுற்றி வந்தாலும் அது டாகிள் ஆகாது, இரண்டு நிலை இருந்தால்தான் டாகிள்.

சாதாரணச் சுவிட்சில் கீழே தள்ளினால் ஆன் என்பது நம் ஊர்ப் பழக்கம். அமெரிக்காவில் மேலே தள்ளினால் ஆன். எந்தப் பக்கமானாலும், பார்த்தவுடன் தெரிகிறது. உங்கள் பொத்தானில் அது தெரியாது, அமுக்கிவிட்டால் பழையபடி எழுந்து நிற்கும். குறை ஸ்டிக்கரில் மட்டும் இல்லை.

பெட்டியைப் பற்றி ஒரு கேள்வி. கரண்ட் போய்த் திரும்பி வந்தால் எந்த நிலையில் எழுகிறது?

வாடிப்பட்டி வாசகி

கடைசியாக எதில் இருந்ததோ அதில்தான் எழுகிறது அண்ணே. மெயினை இறக்கி ஏற்றி இரண்டு நிலையிலும் பார்த்துவிட்டேன். விளக்கு ஆட்டோவில் எரியும், மேனுவலில் எரியாது. ஆனால் கரண்ட் இல்லாத நேரத்திலும் எரியாதே, அதையும் மேனுவல் என்றுதான் நினைக்கிறார்கள்.

கே.கே.நகர் நிரலர்

எங்கள் வேலையில் இது அடிக்கடி வருகிற சிக்கல். பொத்தானின் மேல் எழுதியிருப்பது இப்போதைய நிலையா, அமுக்கினால் நடக்கப்போவதா? பாட்டுக் கேட்கும் செயலியில் முக்கோணம் தெரிந்தால் பாட்டு ஓடவில்லை, அமுக்கினால் ஓடும் என்று பொருள். அங்கே படம் செயலைக் காட்டுகிறது. இணையவழிக் கூட்டத்தில் மைக் படத்தின் மேல் குறுக்குக்கோடு இருந்தால் மைக் இப்போது மூடியிருக்கிறது என்று பொருள். அங்கே படம் நிலையைக் காட்டுகிறது. இரண்டையும் தினமும் பார்க்கிறவர்களே தடுமாறுகிறார்கள்.

கீபோர்டில் கேப்ஸ் லாக் நல்ல டாகிள். விளக்கு இருக்கிறது, தப்பாக அமுக்கினாலும் அடுத்த எழுத்திலேயே தெரிந்துவிடும், திரும்ப அமுக்கினால் சரியாகிவிடும். உங்கள் பெட்டியில் தப்பு நடந்தது ராத்திரி கரண்ட் வரும்போதுதான் தெரியும், அப்போது அங்கே ஆள் இல்லை. விளைவு உடனே கண்ணில் படாத இடத்தில் டாகிள் வைக்கக் கூடாது என்பது என் உறுதியான கருத்து.

எழுதுவதற்கு ஒரு வழி சொல்கிறேன். நிலையைப் பெயராக எழுதுங்கள், செயலை முழு வினையாக எழுதுங்கள், இரண்டையும் ஒரே இடத்தில் போடாதீர்கள். விளக்குப் பக்கத்தில் "விளக்கு எரிந்தால் ஆட்டோ" என்று இருக்கட்டும். பொத்தான் பக்கத்தில் செயல் மட்டும்.

போனில் கூப்பிட்டு மோட்டார் போடுவதாகச் சொன்னீர்களே, மிஸ்டு கால் ஒவ்வொன்றுக்கும் ஓட்டம், நிறுத்தம் என்று மாறுகிறதா? அப்படியென்றால் அதைத்தான் முதலில் கவனிக்க வேண்டும். டவர் சரியில்லாத இடத்தில் ஒருவர் கூப்பிடுவார், போய்ச் சேர்ந்ததா என்று தெரியாது, மறுபடி கூப்பிடுவார். இரண்டும் போய்ச் சேர்ந்திருந்தால் மோட்டார் ஓடி நின்றிருக்கும். ஓடு என்று ஒரு கட்டளையும் நில் என்று ஒரு கட்டளையும் தனித்தனியாக இருந்தால் பத்து முறை ஓடு என்று அனுப்பினாலும் மோட்டார் ஓடிக்கொண்டுதான் இருக்கும்.

வாடிப்பட்டி வாசகி

மிஸ்டு காலில் அப்படித்தான் மாறுகிறது. ஆனால் குறுஞ்செய்தியில் ஓட்டத்துக்கு ஓர் எண், நிறுத்தத்துக்கு ஓர் எண், நிலை கேட்க ஓர் எண் என்று மூன்று இருக்கின்றன. ஆங்கிலத் தாளின் அடியில் பொடி எழுத்தில் கிடக்கிறது, யாரும் பயன்படுத்துவதில்லை. அதைத் தாளின் தலைப்பிலேயே கொண்டுவருகிறேன்.

சோழவந்தான் விவசாயி

ரொம்ப நேரமாகப் படித்துக்கொண்டிருக்கிறேன். நாங்கள் எப்படிச் சொல்வோம் என்று யாரும் கேட்கவில்லையே. லைட்டைப் போடு, மோட்டாரைப் போடு என்போம். நிறுத்துவதற்கு அமத்து. பெட்டியைப் பற்றிப் பேசும்போது, "ஆட்டோவில் போட்டுட்டியா?", "மேனுவலில் போட்டு வை" இப்படித்தான் பேச்சு. மாற்று என்ற சொல்லே வராது தாயி.

வாய்க்காலில் மடை திருப்புகிற மாதிரிதான் இதுவும். மடையில் தண்ணீர் எந்தப் பக்கம் ஓடுகிறது என்று பார்த்துவிட்டுத்தான் மண்வெட்டியைப் போடுவோம், பார்க்காமல் யாரும் வெட்ட மாட்டார்கள். அதனால் தாளில் முதல் வரியே "விளக்கைப் பாருங்கள்" என்று இருக்கட்டும், அமுக்குவது அப்புறம்.

தானியங்கி என்று அரசாங்க அறிவிப்பில் வருகிறது, எங்களுக்கும் புரியும். ஆனால் பெட்டியில் ஆட்டோ என்று இருந்தால் தாளிலும் ஆட்டோ என்றே இருக்க வேண்டும். ஒன்றுக்கு இரண்டு பெயர் வைக்காதீர்கள்.

மேலூர் தமிழாசிரியர்

"ஆட்டோவில் போடு" மிக நன்று. ஏழாம் வேற்றுமை வந்ததும் பெயரா வினையா என்ற குழப்பத்துக்கே இடமில்லாமல் போகிறது. அதையே எடுத்துக்கொள்ளுங்கள் அம்மா. நிலைமாற்றி என்ற சொல் பட்டறை ஆட்களுக்கான தொழில்நுட்பத் தாளில் இருக்கட்டும், அங்கே அதற்கு வேலை உண்டு.

வாடிப்பட்டி வாசகி

எல்லோர் சொன்னதையும் வைத்து எழுதியிருக்கிறேன். பார்த்துச் சொல்லுங்கள்.

"முதலில் கரண்ட் இருக்கிறதா என்று பாருங்கள். பிறகு பொத்தானுக்குப் பக்கத்தில் இருக்கும் விளக்கைப் பாருங்கள். எரிந்தால் பெட்டி ஆட்டோவில் இருக்கிறது, கரண்ட் வரும்போது மோட்டார் தானாக ஓடும். எரியாவிட்டால் பெட்டி மேனுவலில் இருக்கிறது, நீங்கள் போட்டால்தான் மோட்டார் ஓடும்.

ஆட்டோவில் போட: விளக்கு எரியாமல் இருந்தால் மட்டும் பொத்தானை ஒரு முறை அமுக்கவும். விளக்கு எரியும். ஏற்கெனவே எரிந்தால் அமுக்க வேண்டாம்.

மேனுவலில் போட: விளக்கு எரிந்தால் மட்டும் பொத்தானை ஒரு முறை அமுக்கவும். விளக்கு அணையும்.

கரண்ட் இல்லாத நேரத்தில் இந்தப் பொத்தானை அமுக்க வேண்டாம்.

மோட்டார், பைப், ஒயர் எதில் வேலை செய்வதானாலும் முதலில் மேனுவலில் போடவும்."

உசிலம்பட்டி எலக்ட்ரீசியன்

கடைசி வரியை இப்படி விடாதீர்கள் தங்கச்சி. மேனுவலில் போட்டுவிட்டு ஒருவர் கிணற்றுக்குள் இறங்குவார், வீட்டிலிருந்து மகன் போன் போட்டு மோட்டாரை ஓட்டிவிடுவான். மேனுவல் என்றால் தானாக ஓடாது என்று மட்டும்தான் பொருள். கரண்ட் இல்லை என்று பொருள் இல்லை. "மெயினை இறக்கி, மூன்று பீஸ் கேரியரையும் பிடுங்கிக் கையில் வைத்துக்கொள்ளவும்" என்று எழுதுங்கள். அந்த வரி மட்டும் பெரிய எழுத்தில், கட்டம் கட்டி வர வேண்டும்.

கே.கே.நகர் நிரலர்

மற்றதெல்லாம் தெளிவாக இருக்கிறது. அணைந்த விளக்குக்கு இரண்டு பொருள் இருப்பதுதான் மிச்சம். அடுத்த பெட்டிகளில் இரண்டு விளக்கு வைக்க முடியுமா? ஆட்டோ என்று எழுதி ஒன்று, மேனுவல் என்று எழுதி ஒன்று. எது எரிந்தாலும் கரண்ட் இருக்கிறது, எதுவும் எரியாவிட்டால் கரண்ட் இல்லை. நிறத்தை மட்டும் நம்ப வேண்டாம், சிவப்பு பச்சை பிரித்துப் பார்க்க முடியாதவர்கள் இருக்கிறார்கள்.

வாடிப்பட்டி வாசகி

கட்டம் கட்டிச் சேர்த்துவிட்டேன் அண்ணே. முதலாளியிடம் இரண்டு விளக்கைப் பற்றிப் பேசினேன். அதைவிட, பொத்தானையே எடுத்துவிட்டு இரண்டு பக்கமும் பெயர் எழுதிய செலக்டர் திருகு போடலாம் என்கிறார். ஏற்கெனவே வாங்கிப் போனவர்களுக்குப் பழைய ஸ்டிக்கரின் மேல் ஒட்ட, "விளக்கைப் பார்த்து அமுக்கவும்" என்று புது ஸ்டிக்கர் அச்சுக்குப் போகிறது. வெயிலில் விளக்கு எரிவது தெரியவில்லை என்றும் சிலர் சொல்கிறார்கள். அதற்கு என்ன செய்யலாம்?

உசிலம்பட்டி எலக்ட்ரீசியன்

விளக்கைச் சுற்றி ஒரு அங்குல நீளக் கறுப்புக் குழாய் மாட்டுங்கள். பெட்டி மேற்குப் பார்த்து இருந்தால் வடக்கு முகமாகத் திருப்பி மாட்டச் சொல்லுங்கள்.