பாடினால் ஒளி பிறக்கும் சடங்கு: அதற்கு எல்லை எங்கே வைப்பது?

கருங்குகை:
நான் எழுதிவரும் மாயப் புனைகதையில், சூரியன் எட்டாத குகையொன்றில் வாழும் மக்கள் விளக்கோ தீயோ இன்றிப் பாடியே வெளிச்சம் உண்டாக்குகிறார்கள். பாடுபவரின் உள்ளங்கையில் ஒளி திரளும். பாட்டு நின்றால் அணையும். வழிபாடும் பொழுதுக் கணக்கும் அவர்களுக்கு இந்தப் பாட்டுதான். முதல் வரைவைப் படித்த நண்பர்கள், யார் வேண்டுமானாலும் எப்போது வேண்டுமானாலும் ஒளியேற்றிவிட முடியுமென்றால் கதையில் பதற்றம் எங்கிருந்து வரும் என்று கேட்டுவிட்டார்கள். பாடகர் களைத்துச் சரிவதும், மந்திரம் பிசகினால் கேடு விளைவதும் பழகிப் புளித்தவை. ஒரே ஒரு விதி வேண்டும். சடங்கும் அம்மக்களிடையே உள்ள ஏற்றத்தாழ்வும் அதிலிருந்தே தாமாக முளைக்க வேண்டும். என்ன செய்யலாம்?

அலைநீளம்:
சுருதியே நிறத்தை முடிவு செய்யட்டும். 440 ஹெர்ட்ஸ் (நொடிக்கு 440 அதிர்வு) சுரத்தை 40 முறை இரட்டித்துக்கொண்டே போனால் ஏறத்தாழ 484 டெராஹெர்ட்ஸ் (டெரா என்றால் லட்சம் கோடி) வரும். அது 620 நானோமீட்டர் அலைநீளமுள்ள செம்மஞ்சள் ஒளி. இயற்கையில் ஒலி இப்படி ஒளியாக மாறுவதில்லை, அந்த ஒரு தாவலை மட்டும் மாயத்துக்கு விட்டுவிடுங்கள். ஒலி சுடரை ஆட்டுவிப்பதென்னவோ உண்மையே: 1858இல் அமெரிக்க அறிவியலாளர் ஜான் லெகான்ட், ஓர் இசைக் கூடுகையில் வாயு விளக்கின் சுடர் செல்லோ என்ற நரம்பு வாத்தியத்தின் ஒலிக்கேற்பத் துள்ளியதைக் கவனித்து எழுதினார்.

நீங்கள் கேட்ட எல்லை இந்தக் கணக்கிலேயே இருக்கிறது. கண்ணுக்குப் புலப்படும் ஒளி சுமார் 400 முதல் 790 டெராஹெர்ட்ஸ் வரைதான், அதாவது ஏறக்குறைய ஒரே ஒரு ஸ்தாயி (அதிர்வு ஒருமுறை இரட்டிக்கும் இடைவெளி). அதை 40 முறை பாதியாக்கிக் குரலுக்குத் திருப்பினால் 364 முதல் 718 ஹெர்ட்ஸ் வரை வரும். அதற்குக் கீழே பாடுபவரின் கையில் பிறப்பது அகச்சிவப்பு. எவர் கண்ணுக்கும் தெரியாது, வெப்பமாக மட்டும் உறைக்கும். மேலே போனால் புற ஊதா. அதுவும் தெரியாது, ஆனால் கண்ணைக் கெடுக்கும். ஆக, கனத்த ஆண் குரலால் உங்கள் குகையில் ஒரு சுவரைக்கூடக் காட்ட முடியாது. ஒளி பெரும்பாலும் பெண்களிடமும் சிறுவர்களிடமும்தான் இருக்கும்.

நான்காம் வரிசை:
பல ஆண்டுகளாகக் குழுவில் பாடிவருபவள் என்ற முறையில் மேலுள்ள கணக்கைப் படித்ததும் எனக்குச் சிரிப்பு வந்தது. வாத்தியத் துணையில்லாமல் நீண்ட நேரம் பாடும் குழுவின் சுருதி மெல்ல மெல்ல இறங்கிவிடும். எல்லோரும் சேர்ந்தே இறங்குவதால் உள்ளே இருப்பவர்களுக்கு அது தெரியவே தெரியாது. ஒருமுறை பாட்டு முடிந்ததும் பியானோவின் கட்டையை அழுத்திப் பார்த்தபோது அரைச்சுரம், அதாவது பக்கத்துக் கட்டையின் அளவு, இறங்கியிருந்தோம். அதுவரை மிகச் சரியாகப் பாடியதாகவே நம்பிக்கொண்டிருந்தோம். உங்கள் குகையில் அந்த அரைச்சுரம் செம்மஞ்சளை ஏறத்தாழ 656 நானோமீட்டருக்கு, அடர்சிவப்புக்கு, இழுத்துவிடும். நீண்ட சடங்கின் முடிவில் ஒளி சிவப்பதை அம்மக்கள் தெய்வத்தின் சினமென்று அஞ்சலாம். உண்மையில் அது தொண்டைகளின் அயர்ச்சி மட்டுமே.

இருவர் சேராமல் பாடுவதையும் விட்டுவிடாதீர்கள். 440, 442 என்று இரண்டு குரல்கள் ஒலித்தால் ஒலி நொடிக்கு இரண்டு முறை ஏறி இறங்கி விம்முவது கேட்கும். ஒளியும் அதே கதியில் நடுங்கட்டும். மனம் முறிந்த இரு சகோதரிகள் எவ்வளவு முயன்றாலும் நிலையான ஒளியைத் தர முடியாது, அதைக் கூடியிருக்கும் அத்தனை பேரும் பார்ப்பார்கள்.

மரப்பேனா:
கணக்கு அருமை, ஆனால் அது ஆசிரியரின் குறிப்பேட்டைத் தாண்டி வரக்கூடாது. குகைவாசி எவரும் ஹெர்ட்ஸ் என்று சொல்லப்போவதில்லை. அவர்களுக்கு அது பாட்டியிடமிருந்து வந்த வழக்கம், அவ்வளவே. விதியை வாசகர் விளைவுகளிலிருந்து தாமே கண்டுகொள்ளட்டும். ஒன்று மட்டும் எனக்கு உறுத்துகிறது: வெப்பம் தரும் ஆண்களை ஒளியற்றவர்கள் என்று ஒதுக்கிவிட்டால் கதை தட்டையாகும். குளிர்ந்த குகையில் உயிரைக் காப்பது யார்? சிறுவர்களைப் பற்றி மேலே சொன்னதையும் மறுபடி படியுங்கள். பருவ வயதில் ஆண்பிள்ளைகளின் குரல் உடைந்து கனக்கும் மகரக்கட்டு என்று ஒன்று இருக்கிறதே.

கருங்குகை:
அந்த ஒரு சொல்லில் என் கதை கிடைத்துவிட்டது. சடங்கின் தலைப்பாடகனாகப் பன்னிரண்டு வயதுச் சிறுவனை வைக்கப்போகிறேன். மகரக்கட்டு தொடங்கிய நாளில், ஊரே கூடியிருக்க, அவன் கையிலிருக்கும் மஞ்சள் ஒளி சிவந்து, விரலிடுக்குகளில் மட்டும் கங்குபோல் தங்கி, பிறகு முழுவதும் மறைந்துவிடும். இருட்டில் அவன் நிறுத்தாமல் பாடிக்கொண்டிருப்பான். முன்வரிசையில் அமர்ந்திருக்கும் கிழவி ஒருத்தி, முகத்தில் வெதுவெதுப்புப் பட்டு, ஒன்றும் சொல்லாமல் தன் விறைத்த கைகளை அவன் பக்கமாக நீட்டுவாள். அந்தக் காட்சியை இன்றிரவே எழுதத் தொடங்குகிறேன்.