அக்ரா, லாகோஸ் பெண்களின் திரை உடைகள்: ஓர் உதவி வேண்டும்

வணக்கம் நண்பர்களே. ஆப்பிரிக்க நகரத்துப் பெண்கள் திரையில் என்ன உடுத்துகிறார்கள் என்று ஒரு கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். 2014-இல் யூடியூபில் வந்த 'ஆன் ஆப்ரிக்கன் சிட்டி' தொடரில் ஆரம்பித்தேன். வெளிநாட்டிலிருந்து கானாவின் அக்ராவுக்குத் திரும்பிய ஐந்து தோழிகளின் கதை. பஞ்சம், போர் என்றே ஆப்பிரிக்காவைப் பார்த்துப் பழகிய எனக்கு, பளிச்சென்ற 'வாக்ஸ் பிரிண்ட்' என்ற அச்சுத்துணியில் அளவெடுத்துத் தைத்த கவுனோடு அவர்கள் உட்கார்ந்து காதலையும் வேலையையும் பேசுவது அவ்வளவு பிடித்துப்போனது. (அந்த அச்சுத்துணி ஜாவாவின் பாத்திக்கைப் பார்த்து டச்சுக்காரர்கள் செய்தது, அது தனிக் கதை.)

சிக்கல் கட்டுரையில் நைஜீரியாவைப் பற்றிய பகுதியில்தான். நாலிவுட் எனும் நைஜீரியத் திரைப்படங்களின் கல்யாணக் காட்சிகளில், அந்நாட்டின் இக்போ இனப் பெண்கள் இடுப்பில் சுற்றும் 'ஜார்ஜ்' துணி நம் சென்னைப் பக்கத்திலிருந்து போனது. பெயரே ஜார்ஜ் கோட்டையிலிருந்து வந்தது என்பார்கள்.

நைஜீரியாவின் லாகோஸ் நகரில் வேலை பார்த்தவர்கள் யாராவது இருக்கிறீர்களா? படத்தில் காட்டுவதுபோலத்தான் உண்மையிலும் கட்டுகிறார்களா? இளம்பெண்களுக்கும் அதில் ஆசை உண்டா, இல்லை அம்மாக்களோடு சரியா? அந்தத் துணியை ஏற்றுமதி செய்த குடும்பத்தினர் இருந்தால் அவசியம் எழுதுங்கள். அப்புறம், டாக்கர் (செனகல்), அபிஜான் (ஐவரி கோஸ்ட்) பக்கத்துத் தொடர்கள் தெரிந்தாலும் சொல்லுங்கள்.